அணிதலும் களைதலும்: பானு அத்தையாவின் திரைப்பட உடையமைப்பு

நாட்டிய நூலார் அபிநயத்தை ஆங்கிகம், வாசிகம், ஆகார்யம், சாத்விகம் என நான்காக வகுத்தனர். உறுப்புக்களாற் புலப்படுப்பது முதலாவது. சொல்லாற் புலப்படுப்பது இரண்டாவது. உடை, அணி, ஒப்பனை ஆகியவற்றாற் புலப்படுப்பது மூன்றாவது. உள்ளத்தின் மெய்ப்பாடு நான்காவது. உடையைப் புறத்தே ஒட்டிய அலங்காரமென ஒதுக்காது, நடிப்பின் ஒரு கூறாகவே அவர்கள் எண்ணினர் என்பது கருதத்தக்கது. அரங்கேறிய ஒருவன் வாய் திறக்குமுன்னரே அவனது உடை பேசத் தொடங்கிவிடுகின்றது. அவன் இன்னான், இன்ன காலத்தான், இன்ன நிலையிலிருந்து இன்ன நிலைக்கு வந்தவன் என்பதைக் காண்போர்க்கு முதலில் அறிவிப்பது அதுவேயாகும்.

இவ்வுண்மையைத் தமிழிலே நன்குணர்ந்து கையாண்டவர் இளங்கோவடிகள். கடலாடு காதையிலே, ஊடிய கோவலனை மகிழ்விக்க எண்ணிய மாதவி, நறுநீராடிக் கால்விரலணி முதல் தலைக்கோலம் ஈறாக அணிந்துகொள்வதை அவர் நிரல்பட விரித்துரைக்கின்றார். அந்திமாலைச் சிறப்புச்செய் காதையிலோ, பிரிவுற்ற கண்ணகியை அவள் அணியாதவற்றைக் கொண்டே வருணிக்கின்றார். அடியிற் சிலம்பு இல்லை, இடையில் மேகலை இல்லை, காதிற் குழை இல்லை, கண்ணில் மை இல்லை. மாதவியின் உள்ளம் அவள் அணிவனவற்றால் விளங்குகின்றது; கண்ணகியின் உள்ளம் அவள் களைந்தனவற்றால் விளங்குகின்றது. அணிதல் ஒரு மொழி; களைதலும் ஒரு மொழி. பின்னது அரிது, ஆழமும் உடையது. இந்திய நாட்டவருள் முதன்முதல் ஒஸ்கார் பரிசு பெற்றவரான பானு அத்தையாவின் அரை நூற்றாண்டுத் தொழிலை மதிப்பிடுவதற்கு இவ்விரண்டனையும் அளவுகோலாகக் கொள்ளல் பொருந்தும்.

அரங்கின் உடைக்கும் திரையின் உடைக்கும் உள்ள வேற்றுமையை முதற்கண் அறிதல் வேண்டும். மட்டக்களப்புக் கூத்திலே கரப்புடுப்பும் முடியும் தாங்கி வருபவன் அரசன் என்பது எவர்க்கும் விளங்கும். அவன் தருமனா, துரியோதனனா என்பதை வரவுப் பாட்டு அறிவிக்கும். அங்கே உடை இனத்தைச் சுட்டுவது, தனியாளைச் சுட்டுவதன்று. தூரத்தே வட்டக்களரியைச் சூழ்ந்து, விளக்கொளியில் இருந்து காண்பார்க்கு அதுவே போதுமானது. திரைப்படக் கருவியோ நடிப்போன் முகத்தருகே சென்று நிற்பது. சட்டையின் தையலையும், சேலைக் கரையின் நைவையும், செருப்பின் புழுதியையும் ஒருங்கே பெரிதாக்கிக் காட்டுவது. ஆதலின், திரையில் உடையானது இனத்தோடு நின்றுவிடாது தனியாளையும் சொல்லவேண்டியதாகின்றது. பொய்யுடையை மறைத்துக்கொள்ள அங்கே இருளும் இல்லை; தூரமும் இல்லை.

இலங்கையின் திரைப்பட வரலாறும் இதற்குச் சான்று பகரும். முதற் சிங்களப் பேசும்படமான ‘கடவுணு பொறொந்துவ’ எஸ். எம். நாயகத்தினால் மதுரையிலே தயாரிக்கப்பெற்று, 1947 ஆம் ஆண்டு சனவரியிற் கொழும்பிலே திரையிடப்பட்டது. அதனைத் தொடர்ந்து வந்த படங்கள் பலவும் தென்னிந்தியப் படப்பிடிப்புக் கூடங்களிலேயே உருவாயின. கூடமும் காட்சித் திரையும் ஒப்பனை மரபும் இரவலாக இருந்தமையாற் பாத்திரங்களின் தோற்றமும் இரவலாயிற்று. சிங்களக் கிராமத்தவர் என்று திரையில் வந்தோர், அக்கிராமத்தவர் கண்டறியாத கோலத்தில் உலவினர். 1956 இல் லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் ‘றேகாவ’ என்னும் படத்தைக் கூடத்தை விடுத்து வெளியிலே பிடித்தபோது, மரமும் வயலும் மெய்யானதைப் போல உடையும் மெய்யாதல் வேண்டும் என்னும் தேவை எழுந்தது. பின்னர் 1960 இல் அவரே இயக்கிய ‘சந்தேசய’ போர்த்துக்கேயர் காலத்துக் கதையாதலின், வரலாற்றுடை என்னும் புதிய பொறுப்பும் வந்து சேர்ந்தது. அப்படத்தைத் தயாரித்தவர் கே. குணரத்தினம். கொழும்பின் வடக்கே, களனியாற்றுக்கு அப்பாலுள்ள ஹெந்தளையிலே விஜயா ஸ்டூடியோவை நடத்தியவரும் அவரே. ஒரு தமிழரின் ஸ்டூடியோவிலே சிங்களப் படங்கள் பல உருப்பெற்ற வரலாறு அது. நடிகர் பெயரும் பாடகர் பெயரும் அக்காலத்து இரசிகர் நாவில் நின்றன. நடிகர் உடுத்தவற்றை எண்ணி அமைத்தோரின் பெயரோ எழுத்துத் திரையின் கடைசி வரிகளோடு மறைந்தது. இஃது இலங்கைக்கு மட்டும் உரிய குறையன்று. அமெரிக்க அக்கடமி 1949 முதல் உடையமைப்புக்குத் தனிப் பரிசு வழங்கிவர, இந்தியத் தேசியத் திரைப்பட விருதுகளில் அதற்கென ஒரு விருது 1984 ஆம் ஆண்டுப் படங்களுக்கே முதன்முதல் வழங்கப்பட்டது. அதற்கு முன்னரே ஒருவர் கால் நூற்றாண்டுக்கு மேலாக அத்துறையில் உழைத்து, உலகப் பரிசும் பெற்றுவிட்டார் என்பதை நினைக்கும்போது அவரது தொழிலின் அருமை புலனாகும்.

பானுமதி ராஜோபாத்யே என்னும் இயற்பெயருடைய பானு அத்தையா 1929 ஆம் ஆண்டு ஏப்பிரல் 28 ஆந் திகதி கோலாப்பூரிற் பிறந்தார். தந்தையார் ஓவியர். மகளும் பம்பாய் ஜே. ஜே. கலைக்கல்லூரியில் ஓவியம் பயின்றார். சூஸா, றாஸா, ஹுசைன் முதலியோர் 1947 இல் நிறுவிய முற்போக்கு ஓவியர் குழுவின் 1953 ஆம் ஆண்டுக் காட்சியில் அவருடைய ஓவியங்களும் இடம்பெற்றன. பெண்களுக்கான ஆங்கில இதழொன்றிற் புதுப்பாங்கு உடைகளை வரையும் வேலையை ஏற்றமை அவரது வாழ்வைத் திருப்பிற்று. வரைந்த உடைகளைத் தைத்தும் பார்க்கத் தொடங்கினார். திரைப்பட நடிகையர் அவற்றை விரும்பி வந்தனர். ஓவியர் என்ற நிலையிலிருந்து உடையமைப்பாளர் என்ற நிலைக்கு அவர் சென்றது இறக்கமென்று அக்காலத்திற் சிலர் கருதியிருத்தல் கூடும். ஆயின், அவரது பிற்காலப் பணியை நோக்குவார்க்கு அவர் ஓவியத்தைக் கைவிடவில்லை, துகிலின்மேல் எழுதத் தொடங்கினார் என்பதே உண்மையாகத் தோன்றும். நிறத்தை நிறத்தோடு பொருத்துவதும், கோட்டின் ஓட்டத்தால் உருவத்தின் இயல்பை உணர்த்துவதும் தூரிகையிலிருந்து கத்தரிக்கோலுக்கு இடம் மாறின.

குரு தத் தயாரித்த ‘சி. ஐ. டி.’ (1956) என்னும் படத்தின் மூலம் அவருடைய பெயர் திரையுலகில் நிலைபெற்றது. தொடர்ந்து ‘பியாஸா’ (1957), ‘சௌத்வீன் கா சாந்த்’ (1960), ‘சாஹிப் பீபி ஔர் குலாம்’ (1962) ஆகிய படங்களிலும் அவர் பணிபுரிந்தார். இவற்றுள் இறுதியிற் கூறியது சிறப்பாக நோக்கத்தக்கது. வங்காளத்து நிலக்கிழார் மாளிகை யொன்றின் வீழ்ச்சியைக் கூறும் அக்கதையில், கணவனாற் புறக்கணிக்கப்பட்ட இளைய மருமகளாக மீனாகுமாரி நடித்தார். அவர் முதன்முதலாகத் தோன்றுங்காற் கொண்டுள்ள பட்டும் பொன்னும் நெற்றிப் பொட்டும் மணக்கோலத்தின் நிறைவுடையன. ஆயினும், அக்கோலத்தைக் கண்டு மகிழவேண்டியவன் இல்லத்தில் இல்லை. காண்பான் இல்லாத அலங்காரம் அலங்காரமாகாது, துயராகின்றது. இங்கே அணிகள் குறைக்கப்படவில்லை. எனினும் கண்ணகியின் துயரமே மாதவியின் கோலத்திற் குடிகொண்டுள்ளது. கறுப்பு வெள்ளைப் படமாதலின் நிறத்தின் துணை சிறிதுமின்றி, துணியின் பளபளப்பும் மடிப்பின் நிழலும் கொண்டே இவ்வுணர்ச்சி எழுப்பப்பட்டமை ஓவியப் பயிற்சியின் பயன் எனலாம்.

வண்ணப்படங்கள் பெருகிய பின்னர் அத்தையாவின் புகழும் பெருகிற்று. ‘வக்த்’ (1965) என்னும் படத்தில் நடிகை சாதனாவுக்கு அவர் அமைத்த உடலோடு ஒட்டிய சுரிதாரும் மேற்சட்டையும் வட இந்திய நகர்களிலே இளம் பெண்களின் உடையாகப் பரவின. ‘பிரம்மச்சாரி’ (1968) என்னும் படத்தில் மும்தாஜ் அணிந்த செம்மஞ்சட் சேலை, மடிப்புக்கள் முன்னரே தைக்கப்பட்டு ஆடுதற்கேற்றதாய் அமைந்து, இன்றளவும் பலராற் பின்பற்றப்படுகின்றது. இவற்றைத் தொழில் திறத்தின் வெற்றி என்பதில் ஐயமில்லை. ஆயின், திறனாய்வாளன் இங்கு ஒரு வினா எழுப்புதல் கடன். அவ்வுடைகள் நினைவில் நிற்குமளவுக்கு அவற்றை உடுத்த பாத்திரங்கள் நிற்கின்றனவா? சேலையை நினைவுகூர்வோர் அதனை உடுத்தவளின் கதைப்பெயரை நினைவுகூர்வதில்லை. உடை பாத்திரத்தை விட்டுப் பிரிந்து கடைவீதிக்குப் போய்விடின், அது விளம்பரத்தில் வென்று நடிப்பிலே தோற்றதாகும். இஃது அத்தையா ஒருவரின் குற்றமன்று. நடிகையைப் பாத்திரமாகக் காணாது நடிகையாகவே காண விரும்பிய வணிகப்படத்தின் குற்றம். அவ்விருப்பத்துக்கு அவரும் குறைவின்றி ஈடுகொடுத்தார் என்பதை மட்டும் மறைத்தல் ஆகாது. எனினும் அதே காலப்பகுதியில் ‘கங்கா யமுனா’ (1961) படத்து நாட்டுப்புறப் பெண்ணாக வைஜயந்திமாலா தோன்றியபோது, உழைப்புக்கேற்ப வரிந்துகட்டிய சேலை அப்பெண்ணின் நடையையும் பேச்சையும் தாங்கி நின்றமையையும் நடுவுநிலையாளர் மறத்தல் இயலாது.

அத்தையாவின் கற்பனையாற்றலுக்கும் அதன் வழுவுக்கும் ஒருங்கே எடுத்துக்காட்டாவது ‘அம்ரபாலி’ (1966). வைசாலி நகரத்து ஆடலரசி அம்ரபாலி, புத்தபிரானின் அறவுரை கேட்டுத் துறவு பூண்ட வரலாறு பௌத்தருக்கு நன்கு தெரிந்தது. மாதவி துறந்த வரலாற்றை மணிமேகலையிற் பயின்ற தமிழருக்கும் அது புதிதாகத் தோன்றாது. இப்படத்துக்கு உடையமைக்க அத்தையா அஜந்தாக் குகைகளுக்குச் சென்று அங்குள்ள சுவரோவியங்களை ஆராய்ந்தார். இடையைச் சுற்றிய மெல்லாடை, மார்புக் கச்சு, தோள்வளை, மேகலை ஆகியவற்றை ஓவியத்தினின்றும் எடுத்து, நடனமாடும் உயிருள்ள உடலுக்குப் பொருத்தினார். படம் வணிகத்தில் வெல்லாவிடினும், பிற்காலத்துப் புராண வரலாற்றுப் படங்களின் பெண்ணுடைக்கு அதுவே இலக்கணமாயிற்று.

ஆராய்ச்சியாளர் இங்கே ஒன்றை எடுத்துக்காட்டுவர். அம்ரபாலி புத்தர் காலத்தவள். அஜந்தாவின் சிறந்த ஓவியங்களிற் பெரும்பாலானவை கி. பி. ஐந்தாம் நூற்றாண்டளவின. இடைப்பட்டது ஏறக்குறைய ஆயிரம் ஆண்டு. நம் நாட்டுச் சிகிரியாவிலே காசியப்ப மன்னன் காலத்து எழுதப்பட்ட பெண்ணுருவங்களும் அவ்வைந்தாம் நூற்றாண்டினவே. அவற்றைக் கொண்டு துட்டகைமுனுவின் அரசிக்கு உடையமைப்பின் வரலாற்று ஆசிரியர் பொறுப்பாரா? பொறுக்கமாட்டார். ஆனால் வரலாற்றுண்மை ஒன்று, கலையுண்மை மற்றொன்று. சேரன் செங்குட்டுவன் காலத்துக் கதைக்கு உரைகண்ட அடியார்க்கு நல்லார் துகில் வகைகளின் பெயர்களை அடுக்கிச் சொல்லும்போது, தம் காலம் வரை வழங்கிய மரபையே துணைக்கொண்டார். சான்று கிடையாத காலத்துக்குக் கிடைத்த மிகப் பழைய சான்றைப் பயன்படுத்துதல் கலைஞனுக்கு மன்னிக்கத்தக்கதே. மன்னிக்க முடியாத இடம் வேறொன்று. பின்வந்தோர் அஜந்தாவையும் பாராது, வேறெந்தச் சான்றையும் பாராது, ‘அம்ரபாலி’யையே சான்றாகக் கொண்டனர். ஒருவருடைய ஆராய்ச்சி மற்றையோரின் சோம்பலுக்கு உதவிற்று. எந்த நூற்றாண்டுக் கதையாயினும் அரசகுமாரி ஒரே கச்சோடும் ஒரே மேகலையோடும் வரலானாள். தனியாளைச் சொல்லப் பிறந்த உடை, கூத்துடுப்பைப் போல மீண்டும் இனத்தைச் சொல்வதாயிற்று. கூத்துக்குரிய மரபின் கட்டுப்பாடோ அதற்கு இல்லை.

இவ்வளவும் அணிதலின் வரலாறு. களைதலின் வரலாறு ‘காந்தி’ (1982) என்னும் படத்தோடு தொடங்குகின்றது. றிச்சாட் அற்றன்பறோ இயக்கிய அப்படத்தில் ஆங்கிலேயரின் சீருடைகளைப் படையுடை வரலாற்றில் வல்லவரான ஜோன் மொலோவும், இந்தியரின் உடைகளை அத்தையாவும் பெரிதும் பொறுப்பேற்றனர். கதை 1893 முதல் 1948 வரை ஐம்பத்தைந்து ஆண்டுக் காலத்தைத் தழுவுவது. மூன்று கண்டங்களின் மக்களும், வைசிராய் முதல் அவுரி பயிரிடும் குடியானவன் வரை எல்லா நிலையினரும் அதில் வருகின்றனர். காந்தியடிகளின் இறுதி ஊர்வலக் காட்சியில் மட்டும் ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் திரண்டனர். இத்தகைய பெரும்பணியின் நடுவே நிற்கும் உருவமோ, அரையில் ஒரு துண்டும் தோளில் ஒரு துண்டும் உடையது. அரைத்துண்டுக்கு உடையமைப்புப் பரிசா என்று நகைப்பாருக்கு, அத்துண்டை அடைய அப்படம் நடந்து வந்த வழியே விடையாகும்.

காந்தியடிகளின் வாழ்க்கையே உடையால் எழுதப்பட்ட வரலாறு என்பது மிகையன்று. 1893 இல் தென்னாபிரிக்கப் புகைவண்டியிலிருந்து தள்ளப்பட்டவர் ஐரோப்பிய உடையணிந்த ஒரு பாரிஸ்டர். 1915 இற் பம்பாயில் வந்திறங்கியவர் கத்தியவார் நாட்டுப்புறத்தானின் தலைப்பாகையும் அங்கியும் தரித்தவர். 1921 ஆம் ஆண்டு செப்தெம்பர் 22 ஆந் திகதி மதுரையிலே, ஏழைக்கு எட்டாத உடை தமக்கும் வேண்டாமெனத் துணிந்து அரையாடைக்கு மாறியவர். அக்கோலத்துடனேயே 1927 நவம்பரில் இலங்கைக்கு வந்து, கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் கதர் நிதி திரட்டினார். 1931 இல் இலண்டன் வட்டமேசை மாநாட்டுக்கும் அக்கோலத்துடனேயே சென்றார். மதுரை நிகழ்ச்சியைப் படம் எடுத்துரைக்கவில்லை. அதற்கீடாக ஓர் ஆற்றங்கரைக் காட்சி உண்டு. போதிய துணியின்றி நீர்த்துறையில் நிற்கும் ஓர் ஏழைப் பெண்ணைக் கண்ட காந்தி, தம் துணியை நீரிலே மிதக்கவிடுகின்றார்; அஃது அவளிடம் போய்ச் சேர்கின்றது. அங்கே வசனம் இல்லை. பாத்திரத்தின் உள்ளம் முழுவதையும் ஒரு துணி சொல்லிவிடுகின்றது. ஆகார்யம் அபிநயத்தின் கூறே என்று பழைய நூலார் கூறியதற்கு இதனினும் தெளிந்த உரை வேண்டுவதில்லை.

தலைவரின் உடை குறையக் குறைய, அவரைச் சூழ்ந்தோரின் உடையும் மாறுவதைப் படம் படிப்படியாகக் காட்டுகின்றது. முதலில் மேனாட்டு உடையில் தோன்றும் நேருவும் பட்டேலும் பின்னர்க் கதருக்கு வருகின்றனர். ஜின்னாவோ நேர்த்தியான மேனாட்டு உடையை எளிதில் விடுவதில்லை. கொள்கை வேற்றுமையை வசனம் விளக்குமுன்னர் உடை விளக்கிவிடுகின்றது. கஸ்தூரிபாயின் சேலைகளிலும் ஆண்டுகளின் ஓட்டத்தையும் மனத்தின் தெளிவையும் காணலாம். குறையென ஒன்று கூறின், சில இடங்களிற் கதரின் வெண்மை மிகத் தூயதாய், வழிநடைப் புழுதி படாததாய்த் தோன்றுவதைக் கூறலாம். ஆயினும், உடையமைத்தவரின் கைத்திறம் எங்கும் துருத்திக்கொண்டு நிற்கவில்லை. காண்போர் உடையைக் காணவில்லை, மனிதரைக் கண்டனர். ‘பிரம்மச்சாரி’யிற் சேலையை நினைவில் நிறுத்தியவரே, ‘காந்தி’யில் உடையை மறக்கச் செய்தார். அதுவே வளர்ச்சி. 1983 ஆம் ஆண்டு ஏப்பிரல் 11 ஆந் திகதி மொலோவுடன் அவர் ஒஸ்கார் பரிசைப் பகிர்ந்துகொண்டார்.

பின்னைப் படங்களில் இவ்வளர்ச்சி நிலைத்து நின்றது. குல்ஸார் இயக்கிய ‘லேகின்’ அவருக்குத் தேசிய விருதைப் பெற்றுத்தந்தது. ‘லகான்’ (2001) மீண்டும் அவ்விருதைக் கொணர்ந்தது. பின்னதன் கதையும் 1893 ஆம் ஆண்டிலேயே நிகழ்வது. மழை பொய்த்த கிராமத்தின் பதினொரு ஆட்டக்காரரும் ஏறக்குறைய ஒரே மண்ணிறத் துணியையே உடுத்தவர். அவ்வொற்றுமைக்குள்ளேயே தலைப்பாகைக் கட்டாலும், மேற்சட்டையின் வெட்டாலும், துணியின் நைவாலும் கொல்லன், குயவன், சீக்கியப் போர்வீரன், தீண்டத்தகாதவனென ஒதுக்கப்பட்டவன் ஆகியோர் வேறுவேறாய் விளங்குகின்றனர். எதிரே நிற்கும் ஆங்கிலேயரின் மாசற்ற வெள்ளுடை, அவர்கள் அம்மண்ணில் உழைக்காதவர் என்பதை ஒரு சொல்லுமின்றி உரைக்கின்றது. அணிதலில் தொடங்கிய கலைஞர், சிறிதளவு துணியில் பேரளவு பொருளை வைக்கக் கற்றுக்கொண்டமைக்கு இப்படம் முடிவான சான்று.

இக்கலையின் நிலையாமை பற்றியும் சிந்தித்தல் வேண்டும். கவிதை ஏட்டில் வாழும். சிற்பம் கல்லில் வாழும். திரைப்பட உடையோ நைந்துபோகும். அன்றேல் மறுபடத்துக்காகப் பிரித்துத் தைக்கப்படும். அது வாழுமிடம் படச்சுருள் ஒன்றே. அச்சுருளும் அழியக்கூடியது. அத்தையா ஒஸ்கார் பரிசு பெற்ற அதே 1983 ஆம் ஆண்டு யூலை மாதத்தில், தமிழருக்கு எதிராக எழுந்த வன்செயலின்போது ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. அங்கிருந்த படங்களின் மூலச்சுருள்கள் பல சாம்பராயின. அவற்றிற் பெரும்பாலானவை சிங்களப் படங்கள். எரித்தோர் தம் மொழியின் கலையையே எரித்தனர். நடிகரின் முகமாவது சுவரொட்டியிலும் சஞ்சிகையிலும் எஞ்சியிருக்கும். பெயர் தெரியாத தையற்காரரும் உடையமைத்தோரும் செய்த வேலை அத்தீயோடு இருமுறை அழிந்தது. ஆக்கமும் போயிற்று, ஆக்கியோர் இன்னாரென அறியும் வாயிலும் போயிற்று.

அத்தையா இவ்வபாயத்தை உணர்ந்திருந்தார் என்பதற்குச் சான்றுகள் உள. 2010 இல் தம் வரைபடங்களையும் அனுபவங்களையும் தொகுத்து உடையமைப்புக் கலை பற்றிய நூலொன்றை வெளியிட்டார். 2012 இல், தமக்குப்பின் தம் ஒஸ்கார் சிலை பேணப்படாது போகலாமெனக் கருதி, அதனை அமெரிக்க அக்கடமியிடமே ஒப்படைத்தார். ஒரு நாட்டின் முதல் ஒஸ்கார் அந்நாட்டிலேயே பாதுகாப்புப் பெறும் என்னும் நம்பிக்கை அதனைப் பெற்றவருக்கே இல்லாதுபோனமை வருந்தத்தக்கது. அவரைக் குறைகூறுவதிலும் பார்க்க, அவர் ஐயுற்ற காரணத்தை ஆராய்தலே அறிவுடைமை. 2020 ஆம் ஆண்டு ஒக்தோபர் 15 ஆந் திகதி, தம் 91 ஆவது வயதிற் பம்பாயில் அவர் காலமானார். நூற்றுக்கு மேற்பட்ட படங்கள் அவர் கைபட்டவை.

எனவே, பானு அத்தையாவின் தொழிலைப் பரிசின் பெருமையால் அளத்தல் போதாது. அழகுக்காக அணிவித்த காலத்தில் அவர் புகழ் பெற்றார். உண்மைக்காகக் களைந்த காலத்தில் அவர் கலைஞரானார். ‘அம்ரபாலி’யின் மேகலை பலராற் பின்பற்றப்பட்டது, ‘காந்தி’யின் துண்டைப் பின்பற்றல் எவர்க்கும் எளிதன்று. அதற்குத் தையல் அறிவு மட்டும் போதாது; பாத்திரத்தின் உள்ளத்தைப் படிக்கும் அறிவும் வேண்டும். கல்லூரி நாடகங்களுக்கும் கோயில் வீதிக் கூத்துக்களுக்கும் ஆண்டுதோறும் உடை தைப்போர் நம்மிடையேயும் உளர். அவர்தம் பெயரை நிகழ்ச்சிநிரலில் ஒரு வரியாக அச்சிடுதலும், தைத்தவற்றின் படத்தைப் பேணி வைத்தலும் பெருஞ்செலவான காரியங்களல்ல. எதனை உடுத்தவேண்டும் என்பதையும் எதனை விலக்கவேண்டும் என்பதையும் ஒருவர் எண்ணி அமைத்தாரெனின், அவரும் அந்நாடகத்தின் ஆசிரியருள் ஒருவரே.